தொறு மீட்டுப் பட்டான்

எடுத்தனூர் நடுகல்லில் இரண்டு பேருக்கு இடம் கிடைத்திருக்கிறது. ஒருவன் கருந்தேவக்கத்தி என்ற இளைஞன். இன்னொருவன் கோவிவன் என்ற நாய். திருவண்ணாமலை மாவட்டத்தில் செங்கத்தை ஒட்டிய தண்டராம்பட்டுப் பகுதியில் இருக்கிறது இந்த ஊர். முதலாம் மகேந்திரவர்மன் அரியணையேறிய 34ஆம் ஆண்டில், அதாவது கி.பி. 7ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், அங்கே எருமைகளை ஓட்டிப்போகக் கள்ளர்கள் வந்தார்கள். காவலுக்கு நின்ற கருந்தேவக்கத்தி எருமைகளின் பக்கத்திலேயே விழுந்தான். அவன் வளர்த்த நாயோ கள்ளர் இருவரைக் கடித்துக் காத்து நின்றது. கல்லில் வீரனின் உருவம் இருக்கிறது, நாயின் உருவமும் இருக்கிறது. இருவர் பெயரும் வட்டெழுத்தில் வெட்டப்பட்டிருக்கின்றன.

மகேந்திரவர்மன் மாமண்டூரிலும் மண்டகப்பட்டிலும் பாறையைக் குடைந்து கோயில் எடுத்துக்கொண்டிருந்த காலம் அது. தலைநகரான காஞ்சியிலிருந்து நூறு கிலோமீட்டருக்கு மேல் தள்ளியிருந்த ஒரு மாட்டுக் கொட்டிலில் நடந்த சண்டையைப் பற்றி அவனுக்குத் தெரிந்திருக்க வாய்ப்பில்லை. ஆனாலும் கல் அவன் ஆட்சியாண்டைச் சொல்லித்தான் தொடங்குகிறது. எழுதியவர்களுக்கு அரசன் பெயர் காலக்கணக்குக்கு வேண்டியிருந்தது. மற்றபடி கதை முழுக்க அவர்களுடையது.

இப்படிப்பட்ட கற்கள் செங்கம், தருமபுரி, கிருஷ்ணகிரிப் பக்கம் ஏராளம். தமிழ்நாடு தொல்லியல் துறையின் முதல் இயக்குநரான இரா. நாகசாமி பதிப்பித்த ‘செங்கம் நடுகற்கள்’ 1972இல் வெளிவந்தபோதுதான் அவற்றின் பெருக்கம் வெளியுலகுக்குத் தெரிந்தது. கோயில் கல்வெட்டுகளைப் படித்துப் பழகியவர்களுக்கு இவை புதிதாக இருந்தன. தானம் இல்லை, மெய்க்கீர்த்தி இல்லை, சமஸ்கிருதச் சுலோகம் இல்லை. காஞ்சியில் தமிழ் எழுத்தும் கிரந்தமும் ஆண்டபோது இங்கே ஊர்க்காரர்கள் வட்டெழுத்தில் எழுதியிருந்தார்கள். வாசகமும் பெரும்பாலும் ஒரே அச்சு: இன்ன அரசனுக்கு இத்தனையாவது ஆண்டு, இன்னார் தொறுக் கொண்ட ஞான்று, இன்னாருடைய சேவகன் இன்னான் மீட்டுப் பட்டான், அவன் கல்.

தொறு என்றால் மாட்டு மந்தை. கொள்ளுதல் என்றால் ஓட்டிக்கொண்டு போதல். மீட்டல் இன்றைக்கும் நம்மிடம் இருக்கிறது. படுதல் சாதல். இந்த நாலு சொல்லில் ஒரு பொழுதின் சண்டை முடிந்துவிடுகிறது. அடைமொழி எதுவும் கிடையாது. ‘வீரன்’ என்றுகூடக் கல் சொல்வதில்லை. அவன் என்ன செய்தான் என்பதைச் சொல்லிவிட்டு நிறுத்திக்கொள்கிறது.

இதே செயலுக்குப் புலவர்கள் வைத்திருந்த பெயர் வேறு. கரந்தை.

வந்து தாக்குகிறவனை எதிர்த்து நிற்பதற்குத் தமிழ் இலக்கணம் தந்த பெயர்களில் முதலில் வருவது இதுதான். மாட்டைக் கவரப் போகிறவன் வெட்சிப் பூச் சூடுவான், மீட்கப் போகிறவன் கரந்தை சூடுவான் என்று பள்ளிக்கூடத்தில் எல்லோரும் படித்திருக்கிறோம். பக்கத்துப் பக்கத்தில் இரண்டு கட்டங்கள் போட்ட அட்டவணையாகப் படித்ததால், இவ்விரண்டும் எப்போதும் சமமாக இருந்தன என்ற நினைப்பு நமக்கு வந்துவிட்டது. உண்மையில் கரந்தைக்குத் தனிக் கட்டம் கிடைக்கவே பல நூற்றாண்டு ஆயிற்று.

தொல்காப்பியத்தில் புறத்திணை ஏழு. வெட்சி, வஞ்சி, உழிஞை, தும்பை, வாகை, காஞ்சி, பாடாண். இதில் கரந்தை இல்லை. அது வெட்சிக்குள் அடங்கிய ஒரு துறை. வெட்சியின் துறைகளை அடுக்கிக்கொண்டே வரும் நூற்பாவில் ஓரிடத்தில் கரந்தை என்ற பெயர் வந்து போகிறது. கோட்டையை வளைப்பவனும் உள்ளேயிருந்து காப்பவனும் உழிஞை என்ற ஒரே தலைப்பில் நிற்கிறார்கள். மண்ணாசையால் படையெடுத்து வருகிறவனும் அவனை எதிர்க்கிறவனும் வஞ்சிக்குள் அடைக்கப்பட்டிருக்கிறார்கள். எதிர்த்து நிற்பதற்கென்று தனித்திணை ஒன்றுகூட அந்த ஏழில் இல்லை. போர் என்பதைத் தொடங்குகிறவனின் பக்கத்திலிருந்து பார்த்த வகைப்பாடு அது.

பின்னால் பன்னிருபடலம் என்றொரு நூல் வந்தது. அது இப்போது கிடைக்கவில்லை. அதன் வழியில் ஐயனாரிதனார் எழுதிய புறப்பொருள் வெண்பாமாலை கிடைத்திருக்கிறது, உ.வே. சாமிநாதையர் 1895இல் அதைப் பதிப்பித்தார். அதில் திணை பன்னிரண்டு. வெட்சிக்கு எதிர் கரந்தை, வஞ்சிக்கு எதிர் காஞ்சி, உழிஞைக்கு எதிர் நொச்சி என்று காப்பவன் பக்கத்துக்கு மூன்று தனித்திணைகள். பன்னிருபடலத்தை அகத்தியரின் மாணவர் பன்னிருவர் ஆளுக்கொரு படலமாக எழுதினர், வெட்சிப் படலம் தொல்காப்பியர் எழுதியது என்றொரு கதை வழங்கிவந்தது. உரையாசிரியர் இளம்பூரணர் இதை ஏற்கவில்லை. அரசன் ஏவாமல் தன் தேவைக்கு மாடு கவர்வதையும் வெட்சியாக்கிய கை தொல்காப்பியத்தை எழுதிய கையாக இருக்க முடியாது என்பது அவர் வழக்கு. கரந்தை துறையா திணையா என்பதற்கெல்லாம் வாதமா என்று இன்றைக்குத் தோன்றலாம். ஆனால் பொருள் இருக்கிற வாதம் அது. மாடு பறிகொடுத்தவனின் சண்டை, மாடு பறித்தவனின் கதையில் ஓர் அத்தியாயமா, இல்லை தனிக்கதையா?

வெண்பாமாலை அதைத் தனிக்கதையாகவே சொல்கிறது. இரண்டு படலங்களையும் அடுத்தடுத்து வைத்துப் படித்தால் வேறுபாடு நன்றாகத் தெரிகிறது. வெட்சியில் எல்லாமே திட்டம். முதலில் விரிச்சி கேட்பார்கள்; ஊர்ப்பக்கம் மாலையில் காதில் விழும் யாரோ ஒருவர் பேச்சை நற்குறியாக எடுத்துக்கொள்வது அது. பிறகு வேய் என்ற ஒற்று. மந்தை எங்கே நிற்கிறது, காவல் எத்தனை பேர் என்று பார்த்து வருவார்கள். இரவோடிரவாகப் போய் ஊரைச் சுற்றித் தங்குவார்கள். ஊர்கொலை என்றொரு துறை, பெயரே போதும். பிறகு ஆகோள், அதாவது மாட்டைக் கைப்பற்றுதல். துரத்தி வருகிறவர்களை அடித்து விரட்டுதல் பூசன்மாற்று. காட்டு வழியில் மாடு நோகாமல் ஓட்டி வருவது சுரத்துய்த்தல். ஊர் வந்ததும் பாதீடு: ஒற்றறிந்தவனுக்கு இவ்வளவு, முன்னால் நின்று வெட்டியவனுக்கு இவ்வளவு, நிமித்தம் சொன்னவனுக்கு இவ்வளவு என்று பங்கு. பிறகு உண்டாட்டு, கள்ளும் கூத்தும். கேட்டு வந்தவர்க்குக் கொடை. வழியனுப்பிய கொற்றவைக்குப் பலி. ஒரு தொழிலுக்குரிய எல்லா ஒழுங்கும் இதில் உண்டு. கூலிக் கணக்குகூட இருக்கிறது.

கரந்தைப் படலத்தில் இந்த ஒழுங்கு எதுவும் இல்லை. அது கரந்தையரவம் என்ற கூச்சலோடு தொடங்குகிறது. மாடு போயிற்று என்று கேட்டவுடன் அவரவர் செய்துகொண்டிருந்த வேலையைப் போட்டுவிட்டு ஓடி வருகிறார்கள். அடுத்தது அதரிடைச் செலவு: மாடு போன தடத்தைப் பிடித்துப் போதல். போனவுடன் சண்டை. அடுத்தடுத்த துறைகளின் பெயர்களே கதை சொல்கின்றன: புண்ணொடு வருதல், போர்க்களத்தொழிதல், ஆளெறிபிள்ளை. பிற்பாடு கையறுநிலை, செத்தவனைப் பற்றிய அழுகை. இந்தப் படலத்தில் பாதீடு கிடையாது, ஏனென்றால் பங்கு போட ஒன்றும் வரவில்லை. மீண்ட மாடு அதனதன் கொட்டிலுக்குப் போய்விடும்.

நிமித்தத்தைப் பற்றி ஒரு நுட்பம். கவரப் போகிறவன் நல்ல குறி கிடைக்கும்வரை காத்திருக்கலாம். நாளைக்குப் போனாலும் மாடு அங்கேதான் மேயும். துரத்துகிறவனுக்கு அந்த வசதி இல்லை. கரந்தையில் பிள்ளைப்பெயர்ச்சி என்றொரு துறை வருகிறது. இதில் பிள்ளை என்பது புள் நிமித்தம். பறவை குறுக்கே வந்து தடுத்தும், அதைப் பொருட்படுத்தாமல் போய்ப் போரிட்டவனை அரசன் சிறப்பிப்பது அந்தத் துறை. இதை எழுதியவர் மாடு பறிகொடுத்த ஊரில் ஒரு நாளாவது இருந்திருக்க வேண்டும் என்று தோன்றுகிறது.

மாட்டைக் கவர்வது களவு என்று இலக்கணக்காரர்களுக்கும் தெரியும். தொல்காப்பியமே களவு என்ற சொல்லைத்தான் கையாளுகிறது. ஆனால் அதோடு ‘ஓம்பல்’ என்ற சொல்லையும் சேர்க்கிறது. கொண்டுவந்து காப்பாற்றுவதற்காகக் கவர்கிறார்களாம். போர் வரப்போகிறது, பசுவும் பார்ப்பனரும் பெண்டிரும் நோயாளிகளும் பிள்ளை பெறாதவர்களும் பாதுகாப்பான இடத்துக்குப் போய்விடுங்கள் என்று முன்கூட்டி அறிவிக்கும் அறத்தைப் புறநானூற்றின் 9ஆம் பாட்டில் நெட்டிமையார், பல்யாகசாலை முதுகுடுமிப் பெருவழுதிக்குச் சொல்லிப் புகழ்கிறார். தொல்காப்பிய உரையாசிரியர் நச்சினார்க்கினியர் இதைப் பிடித்துக்கொண்டார். மனிதர்கள் அறிவிப்பைக் கேட்டு விலகிவிடுவார்கள், பசுவுக்கு அறிவிப்பு புரியாது, ஆகையால் அதைக் களவாகக் கொண்டுபோய்க் காப்பது தீதாகாது, அறமே என்று உரை எழுதினார்.

கெட்டிக்கார உரைதான். ஆனால் வெட்சிப் படலத்தில் அடுத்து வரும் பாதீட்டுக்கும் கள்ளுக்கும் இது விளக்கம் தரவில்லை. காப்பாற்றக் கொண்டுபோன மாட்டைக் கூறுபோட்டுப் பிரித்துக்கொள்கிறவர்களை என்னவென்று சொல்வது? வெண்பாமாலை இங்கே கொஞ்சம் நேர்மையாக நடந்துகொள்கிறது. அரசன் ஏவலால் போகும் வெட்சி மன்னுறு தொழில், தானே தன் தேவைக்குப் போவது தன்னுறு தொழில் என்று இரண்டாகப் பிரித்துவிடுகிறது. இரண்டாவது வகைக்கு அறக்காரணம் தேட வேண்டிய தேவை இல்லை. மாடு என்ற சொல்லுக்கே செல்வம் என்ற பொருள் இருந்த காலம். தானே நடந்து வரக்கூடிய செல்வம் வேறு எது?

புறநானூற்றுப் பாடல்களைத் தொகுத்துத் திணை, துறை குறித்தவர்கள் தொல்காப்பியத்தின் ஏழைப் பின்பற்றவில்லை, பன்னிரண்டைப் பின்பற்றினார்கள். அதனால் அங்கே கரந்தை தனித்திணையாகவே குறிக்கப்பட்டிருக்கிறது. வெட்சி என்று குறி பெற்ற பாடல்களைவிடக் கரந்தை என்று குறி பெற்றவை அதிகம். புலவர்கள் கள்ளுண்ணப் போன இடம் வெட்சி வீரனின் முற்றமாக இருக்கலாம். மனம் உருகிப் பாடியது கரந்தை வீரனைத்தான்.

261ஆம் பாட்டு ஆவூர் மூலங்கிழாருடையது. பழகிய வீட்டுக்கு வருகிறார். அடையாத கதவு, வந்தவர்க்கெல்லாம் அளவில்லாத சோறு, வற்றாத கள் என்று இருந்த முற்றம் இப்போது நீர் வற்றிய ஆற்றில் கிடக்கும் ஓடமாகத் தெரிகிறது அவருக்கு. வீட்டுக்காரன் மாட்டை மீட்டுவந்து தானே நடுகல்லாகிவிட்டான். சடங்கு அறிந்தவர்கள் முறைப்படி அவனுக்குக் கரந்தைப் பூவைச் சூட்டினார்கள். அந்தப் பூவைப் புலவர் இளம்பசுவின் மடிக்காம்புக்கு ஒப்பிடுகிறார். பசுவை மீட்கப் போகிறவனுக்கு இந்தப் பூவை யார் தேர்ந்தெடுத்தார்களோ, அவர்கள் கண்ணுக்கும் இந்த ஒப்புமைதான் பட்டிருக்கும்.

எந்தப் பூ அது? தாவரவியல் அறிந்தவர்கள் பலர் காட்டுவது கொட்டைக் கரந்தை. அறுவடை முடிந்த நெல்வயலில் தரையோடு படர்ந்து, ஊதா நிறத்தில் உருண்டையாகப் பூப்பது. சித்த மருந்துக் கடைகளில் இதன் பொடி கிடைக்கும். திருநீற்றுப் பச்சைதான் கரந்தை என்பாரும் உண்டு. மடிக்காம்பு உவமையை வைத்துப் பார்த்தால் கொட்டைக் கரந்தையின் பக்கமே கட்சி வலுவாக இருக்கிறது. எதிர்க்கட்சியான வெட்சியில் இந்தக் குழப்பம் இல்லை. கொத்துக் கொத்தாகச் சிவந்து பூக்கும் அதை வீட்டுத் தோட்டங்களில் இட்லிப்பூ என்கிறோம்.

264ஆம் பாட்டில் உறையூர் இளம்பொன் வாணிகனார் கல் நட்ட இடத்தையே காட்டுகிறார். பரல் நிறைந்த மேட்டு நிலம். கல்லில் பெயர் வெட்டி, பூமாலையும் மயிற்பீலியும் சூட்டியிருக்கிறார்கள். இவன் செத்தது தெரியாமல் பாணர்கள் இன்னும் வருவார்களோ என்று கேட்கிறார். பெயர் வெட்டும் வழக்கம் சங்ககாலத்தில் இருந்ததா, இல்லை இது புலவரின் கற்பனையா என்று நெடுநாள் ஐயம் இருந்தது. பல்லவர் காலத்துக்கு முந்திய எழுத்துள்ள நடுகல் கையில் கிடைக்கவில்லை என்பதே காரணம்.

2006இல் அந்த ஐயம் தீர்ந்தது. தேனி மாவட்டம் புலிமான்கோம்பையில் தமிழ்ப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் தமிழ்பிராமி எழுத்துள்ள நடுகற்களைக் கண்டார்கள். அவற்றில் ஒன்றில் ‘கல் பேடு தீயன் அந்தவன் கூடல் ஊர் ஆகோள்’ என்று இருந்தது. கூடலூரில் நடந்த ஆகோளில் இறந்த, பேடு என்ற ஊரைச் சேர்ந்த தீயன் அந்தவனுக்கான கல் என்பது ஆய்வாளர்கள் கொண்ட பொருள். கிறிஸ்துவுக்கு முந்திய நூற்றாண்டுகளைச் சேர்ந்தது என்று கணித்தார்கள். தொல்காப்பியம் துறைப் பெயராக வைத்த ஆகோள் என்ற அதே சொல், ஏட்டில் அல்ல, மேய்ச்சல் நிலத்துக் கல்லில்! இலக்கணக்காரர்கள் தாங்களாகக் கட்டிய சொல் என்று எண்ணப்பட்டது, ஊர்வழக்காக நின்றது.

ஆனால் அந்தவன் மாட்டைக் கவரப் போனவனா, தடுத்தவனா? கல் வாய் திறக்கவில்லை. ஆகோள் என்பது தாக்கியவன் பக்கத்துச் சொல். அதை வைத்து அவனை வெட்சி மறவன் என்று முடிவுகட்டுவதும் சரியில்லை. தடுத்துச் செத்தவனைப் பற்றிப் பேசும்போதும் அவன் செத்த நிகழ்ச்சிக்கு ஆகோள் என்றுதானே பெயர். பின்னாளைய செங்கத்துக் கற்கள் இந்த மயக்கத்தை ஒழித்துவிட்டன. கொண்டு பட்டவனையும் மீட்டுப் பட்டவனையும் வினைச்சொல்லே பிரித்துக் காட்டும். கவரப் போய் இறந்தவர்களுக்கும் கல் நட்டிருக்கிறார்கள். அவனுடைய ஊருக்கு அவன் வீரன்தான்.

செங்கம் ஏன் இவ்வளவு கல் நட்டது என்பதற்குத் தரையைப் பார்த்தால் விடை கிடைக்கும். ஜவ்வாது மலைக்கும் தென்பெண்ணைக்கும் இடைப்பட்ட காடும் மேய்ச்சலும் கலந்த பூமி. மேற்கே கங்கர், வடக்கே வாணர், நுளம்பர், கிழக்கே பல்லவரின் தொண்டைநாடு. யார் யாரைத் தாக்கப் போனாலும் வழி இதுதான். சங்ககாலத்தில் நன்னன் ஆண்ட செங்கண்மா இது. அவனிடம் பரிசு பெறப் போகும் கூத்தர்க்கு வழிசொல்லும் மலைபடுகடாம், பாதையோரம் பெயர் வெட்டிய கற்கள் நிற்கும், கும்பிட்டு இசைத்துவிட்டுப் போங்கள் என்கிறது. சில நூற்றாண்டு கழித்தும் அதே பாதையில் புதுக்கற்கள் எழுந்தபடியே இருந்தன. பல்லவ அரசனின் ஆட்சியாண்டைப் பொறித்துக்கொண்டே, அவனுக்குக் கீழிருந்த தலைவர்கள் ஒருவர் மாட்டை ஒருவர் ஓட்டிப் போயிருக்கிறார்கள். 9ஆம் நூற்றாண்டில் நிருபதுங்கவர்மனின் 26ஆம் ஆட்சியாண்டில் நுளம்பன் படை ஆம்பூர்மேல் வந்து தொறுக் கொண்டதையும் அதில் விழுந்தவர்களையும் ஆம்பூர்க் கற்கள் பேசுகின்றன.

எல்லைக்கு அப்பால் கன்னட நாட்டிலும் இதே கதை, கிட்டத்தட்ட இதே சொல். தமிழில் தொறு, கன்னடத்தில் துறு. தொறுக்கோள் அங்கே துறுகோள். அங்குள்ள வீரக்கற்கள் இன்னும் வகைபிரித்துப் பேசும்: மாடு மீட்டுச் செத்தவன், ஊரழிவில் செத்தவன், பெண்டிரின் சேலையை உரிய வந்தவர்களைத் தடுத்துச் செத்தவன். சூறையாட வருகிறவர்கள் எதைத் தேடி வந்தார்கள் என்பதற்கு இந்தப் பட்டியலைவிட நல்ல சான்று வேண்டியதில்லை.

செத்தவன் குடும்பத்துக்கு என்ன கிடைத்தது? நிலம் கிடைத்தது. தமிழ்க் கல்வெட்டுகளில் அதற்கு உதிரப்பட்டி என்று பெயர், கன்னடத்தில் நெத்தருகொடகை. இரண்டும் இரத்தத்துக்கான மானியம். இந்தப் பெயரை வைத்தவர்கள் சுற்றி வளைத்துப் பேசவில்லை. பாட்டிலே கரந்தை வீரனுக்குப் பாதீடு இல்லை என்றாலும், ஊர்க்கணக்கில் அவன் பிள்ளைகளுக்கு ஒரு துண்டு நிலம் எழுதப்பட்டது.

கல் நடுவதற்கும் ஓர் ஒழுங்கு இருந்தது. காட்சி, கால்கோள், நீர்ப்படை, நடுகல், பெரும்படை, வாழ்த்து என்று தொல்காப்பியம் ஆறு படிகளைச் சொல்கிறது. தகுந்த கல்லைக் கண்டு, நாள் பார்த்து எடுத்து, நீராட்டி, நட்டு, படையலிட்டு, வாழ்த்துவது. இந்த ஆறும் கரந்தையின் பெயர் வரும் அதே நூற்பாவில், வெட்சியின் கீழ்தான் வருகின்றன. சிலப்பதிகாரத்தின் வஞ்சிக் காண்டம் கண்ணகிக்குக் கல் எடுக்கும்போது இந்தப் படிகளில் பெரும்படை தவிர மற்றவற்றைக் காதைப் பெயர்களாக வைத்துக்கொண்டது. மேய்ச்சல்காட்டுச் சடங்கு, சேரன் செங்குட்டுவனின் இமயப் படையெடுப்பாக வளர்ந்துவிட்டது. எருமைக்காரனுக்குச் செய்ததையே பத்தினிக்கும் செய்தார்கள் என்று சொன்னால் சிலருக்கு வருத்தமாக இருக்கும். ஆனால் பெயர்கள் அப்படித்தான் இருக்கின்றன.

மற்ற இரண்டு எதிர்ப்புச் சொற்களில் காஞ்சிக்கு வந்தது வேறு சிக்கல். தொல்காப்பியத்தில் காஞ்சி என்றால் நிலையாமை. தலையாலங்கானத்துச் செருவென்ற நெடுஞ்செழியனுக்கு மாங்குடி மருதனார் பாடிய மதுரைக்காஞ்சி அந்தப் பொருளில்தான் காஞ்சி. வெண்பாமாலை அதே சொல்லை எடுத்து, படையெடுத்து வந்தவனை எதிர்த்து நிற்பதற்கு வைத்துவிட்டது. ஒரு சொல் இரண்டு வேலை செய்ய முடியாமல் தடுமாறியது. மதுரைக்காஞ்சியைப் படிக்க உட்காரும் மாணவர் பாண்டியன் எந்தப் படையெடுப்பைத் தடுத்தான் என்று தேடிக் களைத்துப் போவதற்கு இந்த இரட்டைப் பொருளே காரணம்.

நொச்சி அப்படி இல்லை. கோட்டை மதிலுக்குள் நின்று காப்பவன் சூடும் பூ என்ற பொருளில் உறுதியாக நின்றது. நொச்சித்திணைக்குப் புறநானூற்றில் பாட்டு மிகச் சில. அவற்றில் 271ஆம் பாட்டில் வெறிபாடிய காமக்கண்ணியார் சொல்வது கொடுமையான காட்சி. பெண்கள் இடுப்பில் தழையாக உடுத்துப் பார்த்த நொச்சி, இப்போது வெட்டுண்டவன் மாலையாகக் குருதியில் நனைந்து உருமாறிக் கிடக்கிறது. பருந்து அதைத் தசை என்று எண்ணித் தூக்கிப் போகிறது. அடுத்த பாட்டில் மோசிசாத்தனார் நொச்சியிடமே பேசுகிறார்: மரங்களிலெல்லாம் நீதான் அன்புக்குரியவள், பெண்கள் இடுப்பிலும் நீ, மதில் காப்பவன் தலையிலும் நீ என்று. கரந்தை காட்டுச் சண்டை. அங்கே ஆண்கள் மட்டும் ஓடினார்கள். முற்றுகையில் ஊரே உள்ளே இருக்கும். அதனால்தான் நொச்சிப் பாட்டுகளில் பெண்ணின் உடையும் ஆணின் மாலையும் ஒரே செடியிலிருந்து வருகின்றன போலும்.

சோழர் ஆட்சி வலுத்து, நாடுகளும் வளநாடுகளும் அதிகாரிகளும் வரியும் ஒழுங்கான பிறகு தொறுக் கற்கள் மெல்லக் குறைந்தன. புலியோடு போராடிச் செத்தவனுக்கான புலிக்குத்திக் கற்கள் கொங்கு நாட்டில் அதற்குப் பின்னும் நெடுங்காலம் நடப்பட்டன. அவையும் பெரும்பாலும் பட்டியைக் காத்தவர்களுக்கே. பழைய கற்களைத் தெய்வமாக்கிக்கொண்டார்கள். செங்கம், தருமபுரி வட்டாரத்தில் வேடியப்பன் என்று பொங்கலிட்டுக் கும்பிடும் சாமிகளில் பல, எழுத்துள்ள நடுகற்கள். கல்வெட்டு படிக்கப் போகிறவர் எண்ணெய்ப் பிசுக்கையும் மஞ்சளையும் கடந்துதான் வட்டெழுத்தைப் பார்க்க வேண்டும். வேடியப்பன் என்ற பெயரில் வேட்டை ஒலிக்கிறது. கல்லில் உள்ளவன் மாடு மீட்டவன் என்பது கும்பிடுகிறவர்கள் பலருக்கு மறந்துவிட்டது. அதில் அவர்களுக்கு ஒரு குறையும் இல்லை. சாமி மழை தந்தால் போதும்.

சொற்களில் எது பிழைத்தது என்று பார்த்தால் கொஞ்சம் வேடிக்கையாக இருக்கும். வெற்றிக்குரிய வாகை நாளேடுகளில் கொழுத்து வாழ்கிறது. இடைத்தேர்தலில் வென்றவரும் சதுரங்கத்தில் வென்ற சிறுவரும் ‘வாகை சூடினார்’. நேருக்கு நேர் போரில் இரு தரப்பும் அணிந்த தும்பை, வெள்ளை வேட்டிக்கு உவமையாகிப் போயிற்று. பூசல், மாட்டுச் சண்டையின் ஆரவாரத்திலிருந்து இறங்கிக் கட்சிகளின் கோஷ்டிப் பூசலானது. கரந்தை என்று சொன்னால் இன்று பெரும்பாலோர்க்கு நினைவு வருவது தஞ்சாவூரில் 1911இல் தோன்றிய கரந்தைத் தமிழ்ச் சங்கம். அந்தக் கரந்தைக்கும் இந்தப் பூவுக்கும் உறவில்லை. கருந்தட்டான்குடி என்ற ஊர்ப்பெயர் சுருங்கிக் கரந்தையானது.

நொச்சிக்கு மட்டும் பழைய வேலை வேறு வடிவில் தொடர்கிறது. தலைபாரத்துக்கு ஆவி பிடிக்கும் பானையில் அதன் இலை இன்றும் போடப்படுகிறது. 2010களில் சென்னையில் டெங்குப் பயம் பரவியபோது, நீர்வழிகளை ஒட்டிய வீடுகளுக்கு மாநகராட்சி நொச்சிச் செடிகளை வழங்கியது. கொசு அண்டாது என்ற நம்பிக்கை. எத்தனை கொசு அஞ்சி ஓடியது என்பது வேறு விஷயம். மதிலோரம் நொச்சி நிற்க, வெளியிலிருந்து வருவதை அது தடுக்கும் என்று ஒரு மாநகராட்சி எண்ணியதைக் கேட்டால் மோசிசாத்தனார் வியந்திருக்க மாட்டார்.